செக்குக்கு அப்புறம்

கிண்டியில் காந்தி மண்டப வளாகத்தில் ஒரு செக்கு இருக்கிறது. வ.உ.சிதம்பரம் பிள்ளை கோயம்புத்தூர்ச் சிறையில் மாட்டுக்குப் பதிலாக இழுத்த செக்கு என்று பள்ளிக்கூடப் பிள்ளைகளை வரிசையாகக் கூட்டிவந்து காட்டுவார்கள். பிள்ளைகள் அதைச் சுற்றி நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். நமக்குத் தெரிந்த வ.உ.சி. பெரும்பாலும் அந்த இடத்தோடு நின்றுவிடுகிறார். கப்பல் விட்டார், செக்கிழுத்தார், தியாகி ஆனார். அப்புறம்? பாடப் புத்தகத்தில் "வறுமையில் வாடினார்" என்று ஒரு வரி இருந்தால் அதிகம்.

அவர் சிறையில் இருந்தது 1908 மார்ச்சிலிருந்து 1912 டிசம்பர் வரை. வெளியே வந்தபோது வயது நாற்பது. இறந்தது 1936 நவம்பர் 18. சிறைக்குப் பிறகு ஏறத்தாழ இருபத்து நான்கு வருடம் உயிரோடு இருந்திருக்கிறார். எனக்கு இப்போதெல்லாம் அந்த இருபத்து நான்கு வருடத்தின் மேல்தான் ஈடுபாடு. செக்கிழுப்பதில் ஒருவனுடைய உறுதி தெரியும், மறுக்கவில்லை. ஆனால் அங்கே எதிரில் ஒரு ஜெயிலர் இருக்கிறான், எதிரி யார் என்று தெளிவாகத் தெரிகிறது, ஊர் முழுக்கத் தன்னைப் பற்றிப் பேசுகிறது என்ற நினைப்பாவது இருக்கும். வெளியே வந்து, ஊர் மறந்துபோய், அரிசிக்கடை போட்டு, அதுவும் ஓடாமல், வாடகை பாக்கி வைத்துக்கொண்டு, அப்போதும் நேற்று இருந்த மனிதனாகவே இருப்பது இருக்கிறதே, அது வேறு சங்கதி.

கப்பல் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஒட்டப்பிடாரத்து வக்கீல் குடும்பம். 1900-ல் தூத்துக்குடிக்கு வந்து தொழில் செய்தார், நன்றாகவே சம்பாதித்தார். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையில் பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி ஒன்றுதான் ராஜா. அதற்கு எதிராக 1906 அக்டோபர் 16-ம் தேதி சுதேசி நாவாய்ச் சங்கம் பதிவானது. முதலீடு பத்து லட்சம் ரூபாய், இருபத்தைந்து ரூபாய்ப் பங்கு நாற்பதாயிரம். தலைவர் பாண்டித்துரைத் தேவர். அடுத்த வருடம் 'காலியா', 'லாவோ' என்று இரண்டு கப்பல்கள் வந்தன. வெள்ளைக்காரக் கம்பெனி கட்டணத்தைக் குறைத்தது, இவர்களும் குறைத்தார்கள். கடைசியில் அவர்கள் இலவசமாக ஏறிக்கொள், கையில் ஒரு குடையும் வாங்கிக்கொள் என்கிற அளவுக்கு இறங்கினார்கள் என்று எங்கள் பக்கத்தில் இன்றும் சொல்வார்கள்.

இதில் நான் கொஞ்சம் நிற்க விரும்பும் இடம் ஒன்று உண்டு. கம்பெனியில் பணம் போட்டவர்களில் சிலருக்கு அவருடைய அரசியல் பிடிக்கவில்லை. மேடைப் பேச்சை விட்டுவிட்டுக் கப்பலைக் கவனியுங்கள் என்றார்கள். கெட்ட எண்ணத்தில் சொன்னதாக நினைக்க முடியாது. நியாயமான வியாபாரப் புத்தி அது. நான் பங்குதாரராக இருந்திருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பேன். ஆனால் 1908 பிப்ரவரி 27-ல் தூத்துக்குடியில் கோரல் மில் என்ற நூற்பாலையின் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கியபோது அவர் அவர்கள் பக்கம் போய் நின்றார். அவர்கள் கேட்டது கூலி உயர்வும் வாரத்தில் ஒரு நாள் ஓய்வும். கப்பல் கம்பெனி நடத்துகிறவருக்கு மில் கூலிக்காரர்களின் விவகாரம் எதற்கு என்று கேட்கலாம். ஒரு வாரத்துக்குச் சற்று மேல் நடந்த வேலைநிறுத்தம் ஜெயித்தது. அது ஜெயித்ததுதான் வினை. கலெக்டர் விஞ்ச் கூப்பிட்டு, அரசியலை விட்டு ஊரை விட்டுப் போகச் சொன்னார். இவர் முடியாது என்றார். மார்ச் 12-ல் சுப்பிரமணிய சிவாவோடு சேர்த்துக் கைது. மறுநாள் திருநெல்வேலியில் கலவரம், துப்பாக்கிச் சூடு, நாலு பேர் செத்துப்போனார்கள். ஜூலை 7-ல் நீதிபதி பின்ஹே தீர்ப்புச் சொன்னார்: பேசியதற்கு இருபது வருடம், சிவாவுக்கு உடந்தையாக இருந்ததற்கு இன்னொரு இருபது வருடம். மேல்முறையீட்டில் அது குறைந்தது என்றாலும், நாற்பது வருடம் என்று காதில் விழுந்த அந்த நாளை நினைத்துப் பாருங்கள். அவருக்கு அப்போது வயது முப்பத்தைந்து.

சிறையில் முதலில் சணல் இயந்திரத்தைச் சுற்ற வைத்தார்கள். உள்ளங்கைத் தோல் உரிந்து ரத்தம் வந்த பிறகு செக்குக்கு மாற்றினார்கள். இதையெல்லாம் அவரே செய்யுளாக எழுதிய சுயசரிதையில் சொல்கிறார், பெரிதாகப் புலம்பாமல், கோர்ட்டில் வாக்குமூலம் கொடுக்கிற மாதிரி. அந்த நாட்களிலேயே ஜேம்ஸ் ஆலன் என்ற ஆங்கிலேயர் எழுதிய ஒரு சிறு நூலைத் தமிழில் 'மனம்போல வாழ்வு' என்று மொழிபெயர்த்தார். இங்கிலாந்துக்கு எதிராகப் பேசியதற்காகச் செக்கில் கட்டப்பட்டவர், அந்தச் செக்கை விட்டு வந்து உட்கார்ந்து ஓர் ஆங்கிலேயரின் புத்தகத்தைத் தமிழாக்குகிறார். எனக்கு இது செக்கைவிட ஆச்சரியமான செய்தி. ஆலனின் வேறு நூல்களையும் பின்னாளில் மொழிபெயர்த்தார். கண்ணூர்ச் சிறையில் 'மெய்யறம்' எழுதினார்.

வெளியே வந்தார். சிறை வாசலில் வரவேற்கக் காத்திருந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். அவர்களில் ஒருவர் சிவா, சிறையில் தொழுநோய் வாங்கிக்கொண்டு அவருக்குக் கொஞ்சம் முன்னால் விடுதலையானவர். நாவாய்ச் சங்கம் 1911-லேயே கலைக்கப்பட்டுவிட்டது. வக்கீல் சன்னதும் பறிபோயிருந்தது. படித்த படிப்பு இருக்கிறது, தொழில் செய்ய அனுமதி இல்லை. பிள்ளைகள் உள்ள குடும்பத்தில் இது என்ன மாதிரியான நிலைமை என்று சொல்ல வேண்டியதில்லை.

சென்னைக்கு வந்தார். சிந்தாதிரிப்பேட்டை, பெரம்பூர் என்று வீடு மாறிக்கொண்டே இருந்தார். அரிசி, நெய், மண்ணெண்ணெய் என்று கிடைத்ததை விற்றுப் பார்த்தார். வியாபாரம் கைகூடவில்லை. இதைச் சொல்லத் தயங்க வேண்டியதில்லை. பத்து லட்சம் முதலீட்டில் கப்பல் கம்பெனி உருவாக்கத் தெரிந்தவருக்குச் சில்லறைக் கடை நடத்தத் தெரியவில்லை. இரண்டுக்கும் வேண்டிய குணமே வேறு. ஊரைக் கூட்டிப் பெரிய காரியம் செய்கிறவன், அரைப்படி அரிசிக்குக் கடன் சொல்கிறவளிடம் கறாராகப் பேச மாட்டான்.

நண்பர்களுக்குக் கடிதம் எழுதி உதவி கேட்டார். வெண்பாவில் கூடக் கேட்டார். ஒரு வெண்பாவில் தன்னையே பார்த்துச் சொல்கிறார்: தேடி வந்த கவிஞர்களுக்கெல்லாம் மழை மாதிரி அள்ளிக் கொடுத்த அந்தச் சிதம்பரம், இன்று ஓசை ஒழுங்கில்லாத வெண்பாக்களைப் பாடிக்கொண்டு பிச்சைக்கு உலகமெல்லாம் ஓடுகிறான் என்று. இதில் சுய இரக்கம் இருக்கிறது என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தன் வெண்பா சரியில்லை என்று பஞ்சத்திலும் குறை கண்டுபிடிக்கிற ஆள், இரக்கத்தில் மூழ்கிப்போனவன் இல்லை.

இப்போது நான் சொல்ல வந்த சம்பவத்துக்கு வருகிறேன்.

1915 ஏப்ரலில் காந்தி சென்னைக்கு வந்தார். தென்னாப்பிரிக்காவிலிருந்து திரும்பி அப்போதுதான் சில மாதங்கள் ஆகியிருந்தன. ஜார்ஜ் டவுனில் தம்புச் செட்டித் தெருவில் பதிப்பாளர் ஜி.ஏ.நடேசன் வீட்டில் தங்கியிருந்தார். வ.உ.சி. சந்திக்க வேண்டும் என்று எழுதினார். சில நிமிடம் ஒதுக்க முடியும் என்று பதில் வந்தது. வ.உ.சி. என்ன எழுதினார் தெரியுமா? என் பேச்சு அந்தச் சில நிமிடத்துக்குள் அடங்காது என்று அஞ்சுகிறேன், உங்கள் நேரத்தில் குறுக்கிட்டதற்கு மன்னியுங்கள் என்ற பொருளில் எழுதிவிட்டார். உதவிக்கு ஆள் தேடிக்கொண்டிருக்கும் மனிதர், நாடே பார்க்க ஆசைப்படும் ஒருவர் ஒதுக்கிய நிமிடங்களை மரியாதையாகத் திருப்பி அனுப்புகிறார். கோபம் இல்லை, எகத்தாளமும் இல்லை. விஷயம் நீளம், உங்களுக்கு நேரம் குறைவு, அப்படியானால் வேண்டாம். அவ்வளவுதான்.

காந்தி உடனே வேறு நேரம் கொடுத்தார்: வெள்ளிக்கிழமை காலை ஆறு மணி. வ.உ.சி.யின் பதில்தான் என்னைக் கட்டிப்போட்டது. வருகிறேன், ஆனால் நான் ட்ராமில்தான் வர வேண்டும், இங்கிருந்து வண்டி ஐந்தரைக்கு மேல்தான் கிளம்புகிறது, ஆறு மணிக்குள் வந்து சேர முடியாமல் போகலாம் என்று முன்கூட்டியே தெரிவிக்கிறார். எட்டு வருடத்துக்கு முன்னால் கொழும்புக்குக் கப்பல் எப்போது புறப்பட வேண்டும் என்று முடிவு செய்த மனிதர் எழுதியது இது. இதை எழுதும்போது அவருக்கு வெட்கமாக இருந்திருக்குமா? கடிதத்தில் அதற்கு அடையாளம் இல்லை. ட்ராம் ஐந்தரைக்கு என்பது ஒரு தகவல். கொடுத்த நேரத்தைக் காப்பாற்ற முடியாமல் போகலாம் என்றால் முன்னாலேயே சொல்லிவிட வேண்டும், தன் ஏழ்மையை மறைப்பதற்காக ஒரு பொய்க் காரணம் சொல்ல வேண்டியதில்லை. நம்மில் எத்தனை பேர் இப்படி எழுதுவோம்? "கொஞ்சம் வேலை இருக்கிறது, ஏழு மணிக்கு வரட்டுமா" என்றுதான் எழுதியிருப்போம்.

அந்தக் கடிதங்களின் ஊடே பண விஷயம் ஒன்று வருகிறது. வ.உ.சி. சிறையில் இருந்த காலத்தில் தென்னாப்பிரிக்காவில் இருந்த நம் மக்கள் அவருக்காகப் பணம் சேர்த்திருந்தார்கள். அது காந்தியிடம் வந்திருந்தது. உங்களுக்கு அந்தப் பணம் வந்து சேர்ந்ததா என்று காந்தி கேட்கிறார். வரவில்லை என்கிறார் இவர். அப்புறம் அந்தப் பணத்தைப் பற்றிய கணக்கைத் தேட வேண்டியிருந்தது. தொகை எவ்வளவு, யார் கொடுத்தது என்று விசாரித்து முடிக்க மாதங்கள் ஓடின. இங்கே வ.உ.சி. எடுத்த நிலையைக் கவனியுங்கள். நாம் எழுதும் தியாகி கதையாக இருந்தால் "பொதுப்பணம் எனக்கு வேண்டாம், நாட்டுக்கே கொடுத்துவிடுங்கள்" என்று ஒரு வசனம் வைத்திருப்போம். அவர் அப்படிச் சொல்லவில்லை. எனக்குத் தேவை இருக்கிறது, இந்த நிலையில் மறுத்தால் அது எனக்கும் என் குடும்பத்துக்கும் நான் செய்யும் தவறு என்ற பொருளில் நேராக எழுதினார். பணம் வரத் தாமதமானபோது திரும்பவும் கேட்டு எழுதினார், சரியான தொகை தெரியாவிட்டால் தோராயமாகவாவது நினைவில் இருக்குமே என்றுகூடக் கேட்டார். கெஞ்சலும் இல்லை, கேட்கக் கூச்சப்படவும் இல்லை. கடைசியில் 1916-ன் தொடக்கத்தில் பணம் வந்தது. முந்நூற்று நாற்பத்தேழு ரூபாய், பன்னிரண்டு அணா.

கொள்கைப் பிடிப்பு என்றால் எதையும் வேண்டாம் என்பதுதான் என்று நம் ஊரில் ஒரு எண்ணம் இருக்கிறது. வேண்டாம் என்று சொல்வதில் ஒரு கிக் உண்டு, கைதட்டலும் கிடைக்கும். தனக்கு உரியதை, தனக்கென்றே மனமுவந்து கொடுக்கப்பட்டதை, நேர்மையாகக் கேட்டு வாங்கிக்கொள்வதற்கு இன்னும் கொஞ்சம் தெளிவு வேண்டும். எது எனக்கு உரியது, எது இல்லை என்கிற கோடு மனசுக்குள் சரியாக விழுந்திருக்க வேண்டும். அந்தக் கோடு விழுந்திருந்ததற்கு அத்தாட்சி நாலு வருடம் கழித்து வந்தது. 1920-ல் காந்தியின் ஒத்துழையாமைத் திட்டத்தைக் காங்கிரஸ் ஏற்றுக்கொண்டது. நாடே அந்தப் பக்கம் சாய்ந்தது. வ.உ.சி.க்கு அந்த வழி சரியென்று படவில்லை. அவர் திலகர் வழி வந்தவர். சொல்லிவிட்டுக் காங்கிரஸை விட்டு விலகினார். இவர் கஷ்டத்தில் இருந்தபோது பணம் வந்து சேர்ந்தது யார் மூலமாக என்று பார்த்தோம். அந்த நன்றி அவருக்கு இருந்திருக்கும். ஆனால் நன்றிக்குக் கைம்மாறாகக் கருத்தை மாற்றிக்கொள்ள வேண்டும் என்று அவர் நினைக்கவில்லை. அவர் திட்டத்தை மட்டும் ஒத்துக்கொண்டிருந்தால், செக்கிழுத்த செம்மலுக்கு அன்றைய மேடைகளில் முதல் வரிசை நாற்காலி போட்டிருப்பார்கள் என்று தாராளமாக நம்பலாம்.

இவ்வளவும் யோசிக்கும்போது எனக்கு என் சித்தப்பா நினைவு வருகிறது. பெரிய மனிதரோடு ஒப்பிடுவதாக யாரும் கோபித்துக்கொள்ள வேண்டாம். அவர் கோவில்பட்டிப் பக்கம் ஒரு நூற்பாலையில் ஸ்டாக் பார்க்கும் குமாஸ்தாவாக இருந்தார். பாங்கிக் கடனுக்குப் பஞ்சுப் பொதிகளை ஈடு காட்டியிருந்தார்கள். ஒரு தடவை பாங்கியிலிருந்து ஆள் வரப்போகிறார் என்றதும், கிட்டங்கியில் இருப்பதைவிட அதிகப் பொதிகளை எழுதிய பட்டியல் ஒன்று டைப் அடித்துத் தயாராக வந்தது. கையெழுத்து மட்டும் போட வேண்டும். சித்தப்பா சண்டை போடவில்லை. "எண்ணிப் பாத்துட்டுப் போடுதேன் அண்ணாச்சி" என்று சொல்லிவிட்டு, நிஜமாகவே கிட்டங்கிக்குப் போய், சுண்ணாம்புக் கட்டியால் ஒவ்வொரு பொதியிலும் ஒரு கோடு இழுத்து எண்ண ஆரம்பித்துவிட்டார். அதை அவர் நடித்துக் காட்டும்போது எங்களுக்குச் சிரிப்பு வரும். மேனேஜர் வந்து வாசலில் நின்று பார்த்துவிட்டுப் போனாராம். அடுத்த வாரம் அவரைக் கழிவுப் பஞ்சுப் பிரிவுக்கு மாற்றினார்கள். அந்தத் தூசியில் இருமல் வந்தது. கொஞ்ச நாளில் அவராகவே எழுதிக் கொடுத்துவிட்டு வந்துவிட்டார்.

எனக்கு இந்தக் கதையில் சுவாரசியமானது பொதி எண்ணியது இல்லை. அதற்குப் பிறகு வந்த வருடங்கள். கடலைமிட்டாய்க் கடைகளுக்கும் சின்னத் தீப்பெட்டி ஆபீஸ்களுக்கும் சாயங்காலம் போய்க் கணக்கு எழுதிக் கொடுத்தார். சிட்டையிலிருந்து பேரேட்டுக்குப் பதிவு ஏற்றுவது, மாதக் கடைசியில் பற்று வரவு பார்ப்பது. மில் சம்பளத்தில் பாதி கூட வராது. சொந்தக்காரர்கள் கல்யாண வீடுகளில் "பிழைக்கத் தெரியாதவன்" என்பார்கள், அவர் காதில் விழும்படியாகவே. அவர் மில்லைப் பற்றித் திட்டி நான் கேட்டதில்லை. தன்னை மாற்றிய மேனேஜரின் பையனுக்கு ஒரு விண்ணப்பம் எழுதிக் கொடுத்ததைப் பார்த்திருக்கிறேன். தீப்பெட்டி ஆபீஸ்காரர் ஒருவர் கணக்கில் கொஞ்சம் "சரிக்கட்ட"ச் சொன்னபோது, "வேற ஆள் பாருங்க அண்ணாச்சி, நான் நாளைக்கு நோட்டைக் கொண்டாந்து தந்திருதேன்" என்றார். அந்த மாதம் அவருக்கு அந்த வருமானம் ரொம்பவும் தேவை. முதல் தடவை "முடியாது" என்பதற்கு ஒரு வேகம் போதும். இரண்டாவது தடவை, முதல் தடவையின் விலை என்ன என்று தெரிந்த பிறகு, அதே குரலில் "முடியாது" என்பதற்கு வேறு என்னவோ வேண்டியிருக்கிறது. அதை வீரம் என்று சொல்லத் தோன்றவில்லை. பழக்கம் என்று சொன்னால்தான் பொருந்தும் என்று நினைக்கிறேன்.

சித்தப்பாதான் எனக்கு வ.உ.சி. கோவில்பட்டியில் வக்கீலாக இருந்ததை முதலில் சொன்னவர். ஊருக்கு அதில் ஒரு பெருமை உண்டு. அந்தச் சன்னது திரும்பக் கிடைத்த விதமும் ஒரு கதை. ஈ.எச்.வாலஸ் என்ற வெள்ளைக்கார அதிகாரி 1908 வழக்குக் காலத்திலேயே வ.உ.சி.யை அறிந்தவர். பின்னால் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதியானார். அவருடைய முயற்சியால்தான் பறிபோன சன்னது திரும்ப வந்தது. வ.உ.சி. தன் மகன் ஒருவனுக்கு வாலேஸ்வரன் என்று பெயர் வைத்தார். வாலஸ் என்ற பெயரோடு ஒரு ஈஸ்வரனைச் சேர்த்து நல்ல சைவப் பெயராகவே ஆக்கிவிட்டார்!

இந்தப் பெயரை நினைத்தால் எனக்குச் சிரிப்பும் வரும், மரியாதையும் வரும். நாற்பது வருடத் தண்டனையைப் படித்ததும் ஒரு வெள்ளைக்கார நீதிபதிதான், சன்னதைக் கொடுத்ததும் ஒரு வெள்ளைக்கார நீதிபதிதான். கஷ்ட காலம் நீண்டுகொண்டே போனால் மனிதனுக்குள் கசப்பு ஏறும். கொள்கை என்று நாம் நினைத்துக்கொண்டிருப்பது நாளாக ஆக வெறும் வன்மமாகிவிடும், அது நமக்கே தெரியாது. என்னோடு வேலை பார்த்த ஒருவர், நியாயமான காரணத்துக்காக நிர்வாகத்தை எதிர்த்து வேலை இழந்தவர், பத்து வருடம் கழித்தும் அந்தக் கம்பெனிப் பெயர் பலகையைப் பார்த்தால் வேறு தெரு வழியாகப் போகிறார். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் வ.உ.சி. தன் எதிர்ப்பை ஆட்சியின் மேல் வைத்திருந்தார், ஆட்கள் மேல் வைக்கவில்லை. அதனால்தான் ஜேம்ஸ் ஆலனைப் படிக்க முடிந்தது, வாலஸுக்கு நன்றி சொல்ல முடிந்தது. இரண்டும் அவருடைய சுதேசிக் கொள்கையில் ஒரு அணாகூடக் குறைக்கவில்லை.

1927-ல் திரும்பக் காங்கிரஸில் சேர்ந்தார், சேலத்தில் நடந்த அரசியல் மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். அது நீடிக்கவில்லை. 1930-களின் தொடக்கத்தில் கோவில்பட்டியிலிருந்து தூத்துக்குடிக்கே குடிபெயர்ந்தார். அரசியல் வாழ்க்கை என்று பார்த்தால் இந்தப் பகுதியில் எழுதப் பெரிதாக ஒன்றும் இல்லை.

தமிழ் வாழ்க்கை என்று பார்த்தால் நிறைய இருக்கிறது. திருக்குறளுக்கு மணக்குடவர் உரையை, அறத்துப்பாலை மட்டும், 1917-லேயே பதிப்பித்திருந்தார். சென்னையில் கடை ஓடாமல் தவித்துக்கொண்டிருந்த அதே காலம். அப்புறம் தொல்காப்பியத்துக்கு இளம்பூரணர் உரை. பொருளதிகாரப் பதிப்பில் தமிழறிஞர் வையாபுரிப் பிள்ளையும் சேர்ந்து உழைத்தார். பழைய ஏடுகளை ஒப்பிட்டுப் பார்த்து, எங்கே எழுத்து சிதைந்திருக்கிறது, எது ஏடு எழுதியவன் செய்த பிழை, எது உண்மையான பாடம் என்று வரி வரியாக உட்கார்ந்து பார்க்கிற வேலை அது. கண் போகும், முதுகு போகும், காசு வராது. கடைசிக் காலத்தில் சைவ சித்தாந்த நூலான சிவஞான போதத்துக்கு உரையும் எழுதினார். தமிழறிஞர்கள் வட்டத்துக்கு வெளியே இதைப் பற்றிப் பேசுகிறவர்கள் மிகக் குறைவு.

அவர் எப்படிக் குலையாமல் இருந்தார் என்ற கேள்விக்கு விடை இந்த ஏடுகளில் இருக்கிறது என்பது என் கட்சி. வெளியே எல்லாம் கைவிட்டுப் போன பிறகும், காலையில் எழுந்தால் சரியாகச் செய்ய வேண்டிய ஒரு வேலை அவருக்கு இருந்தது. பாட பேதம் பார்க்கும்போது பொய் சொல்ல முடியாது. தெரியாத இடத்தைத் தெரியும் என்று நிரப்பினால் அடுத்த தலைமுறை கண்டுபிடித்துவிடும். தினமும் அந்த மாதிரி ஒரு வேலையில் கை இருந்தால், மற்ற இடங்களில் வளைவது கொஞ்சம் கூச்சமாகிவிடும் போலிருக்கிறது. சித்தப்பாவுக்குப் பேரேடு அப்படி இருந்தது. ஒரு பைசா உதைத்தால் ராத்திரி தூங்க மாட்டார்.

ஆனால் ஒன்றைச் சொல்லாமல் விட்டால் இந்தக் கட்டுரையும் இன்னொரு தியாகி புகழ்மாலை ஆகிவிடும். இந்த உறுதிக்கெல்லாம் பில் கட்டியது அவர் மட்டும் இல்லை. தீர்ப்பைக் கேட்ட அதிர்ச்சியில் தம்பி மீனாட்சிசுந்தரத்துக்குச் சித்தம் கலங்கிவிட்டது. மனைவி மீனாட்சி அம்மாள் பிள்ளைகளை வைத்துக்கொண்டு அந்த நாலே முக்கால் வருடத்தையும் தள்ளினார், பிறகு சென்னையில் வீடு வீடாக மாறியபோதும் அடுப்பைப் பார்த்துக்கொண்டது அவர்தான். அவருக்குச் சிலை இல்லை, செக்கு இல்லை. அவர் என்ன நினைத்தார் என்று எழுதி வைத்தவரும் இல்லை.

போன பொங்கலுக்குக் கோவில்பட்டி போயிருந்தபோது, சித்தப்பா பொதி எண்ணிய கதையை என் பையனுக்கு நான் கொஞ்சம் உப்பு காரம் சேர்த்தே சொல்லிக்கொண்டிருந்தேன். பையன் வாயைப் பிளந்து கேட்டான். அடுப்படியில் இருந்த சித்தி கையைத் துடைத்துக்கொண்டே எட்டிப் பார்த்தார்.

"அவியளுக்கு என்னப்பா, கோட்டைப் போட்டுட்டு வந்துட்டாக. அன்னைக்கு ராத்திரி மளிகைக்கடை நாடார்கிட்டப் போயி, இனிமே மாசம் மாசம் கணக்கு முடிக்க முடியாது, பையப் பையத்தான் தருவோம்னு சொன்னது நான். அதையும் சேத்துச் சொல்லு."

சேர்த்துச் சொன்னேன்.